ஆபரேட்டர் அப்பாவும் அண்டார்டிகாவும்

எங்கள் வீட்டு டி.வி.யில் வால்யூம் எப்போதும் 62. அதற்குக் கீழே இறங்கினால் அப்பா ரிமோட்டைத் தேட ஆரம்பித்துவிடுவார்.

ஆர்.எஸ்.புரத்தில் டி.பி. ரோட்டிலிருந்து இரண்டு சந்து தள்ளி உள்ளே இருக்கிறது எங்கள் அபார்ட்மென்ட். ஒரு வீட்டில் மிக்ஸி போட்டால் இன்னொரு வீட்டில் என்ன சட்னி என்று சொல்லிவிடலாம், அவ்வளவு நெருக்கம். எதிர் வீட்டு அக்கா ஒருநாள் லிஃப்டில் சிரித்துக்கொண்டே சொன்னார், "நேத்து உங்க சீரியல்ல அந்தப் பொண்ணு அழுதுதுங்களே, எங்க ஊட்ல இருந்தே கேட்டுட்டோமுங்க." சிரித்தார்தான். ஆனால், அது புகார் என்று எனக்குத் தெரியாதா?

அப்பாவுக்கு இப்போது 79 வயது. கோயம்புத்தூர் தியேட்டர்களில் 36 வருடம் ஆபரேட்டராக இருந்தவர். இப்போதுள்ள பிள்ளைகளுக்கு ஆபரேட்டர் என்றால் ஜே.சி.பி. ஓட்டுபவர். அப்பா ஓட்டியது படம். ஆறடிக்கு எட்டடி கேபின், இரண்டு புரொஜக்டர், ஒரு எக்ஸாஸ்ட் ஃபேன், தலைக்கு மேலே ஒரு ஸ்பீக்கர். ஒரு நாளைக்கு நான்கு காட்சி அந்த இரைச்சலுக்குள்ளேயே நின்றவரின் காது, ஓய்வு பெற்ற பத்தாவது வருடம் முழுசாகக் கையை விரித்துவிட்டது. காதில் மாட்டும் மிஷின் வாங்கிக் கொடுத்தோம். "கொர்ருன்னு கத்துது. கேபினுக்குள்ள நிக்கறாப்புலயே இருக்குது" என்று கழற்றி டிராயரில் வைத்தவர்தான்.

அம்மா இருந்தவரை இது ஒரு பிரச்னையாகவே தெரியவில்லை. அம்மா பேசினால் மட்டும் அப்பாவுக்குப் புரியும். அம்மா சத்தமாகவெல்லாம் பேசியதில்லை. எதிரே உட்கார்ந்து, உதடு நன்றாக அசையும்படி பேசுவார். நாங்கள் சொல்வதையும் அப்படியே மாற்றிச் சொல்வார். மூன்று வருடத்துக்கு முன்னால் அம்மா போன பிறகுதான், அப்பாவிடம் ஒரு முழு வாக்கியம் பேசி எத்தனை நாளாகிறது என்று யோசித்துப் பார்த்தேன். "சாப்டீங்களா", "மாத்திரை போட்டீங்களா". இந்த இரண்டைக் கத்திச் சொல்வதற்குள்ளேயே தொண்டை வலித்துவிடும். மற்றதெல்லாம் அப்புறம் பார்த்துக்கொள்ளலாம் என்று விட்டுவிடுவோம். அவரும் வந்த ஒறம்பரைக்கு நடுவில் எல்லோரும் சிரிக்கும்போது தானும் சிரித்துவிட்டு, மெல்ல எழுந்து பால்கனிக்குப் போய்விடுவார்.

இந்த மே மாதத்தில்தான் அண்டார்டிகா வந்தது.

என் மகன் விஸ்காம் படிக்கிறான். கல்லூரியில் ஏதோ பழைய படத்தைப் பார்த்து எழுதச் சொல்லியிருந்தார்கள். போனிலிருந்து டி.வி.க்குப் போட்டுவிட்டு, தரையில் சப்பணம் போட்டு உட்கார்ந்தான். 'தி கிரேட் ஒயிட் சைலன்ஸ்'. 1924-ல் வெளிவந்த மௌனப் படம். ஹெர்பர்ட் பான்டிங் என்ற ஆங்கிலேய புகைப்படக்காரர் எடுத்தது. 1910-ல் கேப்டன் ஸ்காட் தென் துருவத்துக்குப் புறப்பட்டாரே, அந்தக் கப்பலில் கேமராவோடு போனவர் இவர்.

வெளியே சித்திரை வெயில் சுட்டெரிக்கிறது. ஃபேன் காற்றே அடுப்படியிலிருந்து வருவது போல இருக்கிறது. டி.வி.யில் ஒரு கப்பல், பனிப்பாளத்தைப் பிளந்துகொண்டு போகிறது. கப்பலின் மூக்கு நேராக ஐஸில் ஏறி, நடுவில் ஒரு கோடு விழுந்து, பாளம் இரண்டாக விலகுகிறது. பால்கனியிலிருந்து வந்த அப்பா நின்றபடியே கொஞ்ச நேரம் பார்த்தார். பிறகு உட்கார்ந்தார்.

"கேமராவ எங்க வெச்சு எடுத்தான்?" என்றார். யாரிடமும் கேட்கவில்லை. தனக்குத்தானே கேட்டுக்கொண்டார்.

மகன் போனில் தேடிப் படித்தான். கப்பலின் பக்கவாட்டிலிருந்து பலகைகளை வெளியே நீட்டிக் கட்டி, அதன் நுனியில் படுத்துத் தொங்கிக்கொண்டு எடுத்தாராம். கீழே ஐஸ். கப்பல் ஒவ்வொரு முறை மோதும்போதும் பலகை ஆடும். ஒரு கையால் கேமராவைப் பிடித்துக்கொள்ள வேண்டும், மறு கையால் கைப்பிடியைச் சுற்ற வேண்டும். இதை அப்பாவுக்கு எப்படிச் சொல்வது? மகன் எழுந்துபோய், அவன் டியூஷன் எடுத்த காலத்து வெள்ளைப் பலகையை எடுத்துவந்தான். மார்க்கரால் கப்பல் வரைந்து, பலகை வரைந்து, நுனியில் ஒரு குச்சி மனிதனை வரைந்தான்.

அப்பா அதைப் பார்த்துவிட்டு டி.வி.யைப் பார்த்தார். "கிறுக்கனாட்ட இருக்குது" என்றார். அவர் வாயில் அது பெரிய பாராட்டு.

அன்று எங்கள் வீட்டு டி.வி.யில் வால்யூம் பூஜ்யம். அப்பாவுக்குக் கேட்காதது எதுவும் எங்களுக்கும் கேட்கவில்லை. இது எனக்கு உறைக்கவே அரைமணி நேரம் ஆனது.

மௌனப் படங்களில் நடுநடுவே எழுத்துப் பலகை வரும் இல்லையா? இங்கிலீஷில் வந்தது. அப்பா எட்டாவது வரை படித்தவர். அதனால், ஒவ்வொரு எழுத்துக்கும் மகன் படத்தை நிறுத்துவான், நான் வெள்ளைப் பலகையில் தமிழில் எழுதிக் காட்டுவேன், அப்பா தலையாட்டியதும் படம் ஓடும். நூற்றுச் சொச்சம் நிமிடப் படம், எங்களுக்கு மூன்று மணி நேரம் ஆனது.

"கூடாரத்துல இதுக்குன்னே ஒரு ஆளு நிப்பானாமா. எங்கப்பாரு சொல்லீருக்கறாரு" என்றார் அப்பா. "தெரைக்குப் பக்கத்துல நின்னுக்கிட்டு, இப்ப ராசா வர்றாரு, இப்ப சண்டை வருதுன்னு கத்திச் சொல்லோணும். நீயி எழுதிக் காட்டற, அவ்வளவுதான்."

கூடாரம் என்றதும் அப்பா சாமிக்கண்ணு வின்சென்ட்டில் போய் நின்றார். கோவைக்காரர்கள் தெரிந்துவைத்திருக்க வேண்டிய பெயர். திருச்சியில் ரயில்வே உத்தியோகத்தில் இருந்த நம் ஊர் மனிதர். 1905-ல், டூபான்ட் என்ற பிரெஞ்சுக்காரர் உடம்பு சரியில்லாமல் ஊர் திரும்பப் பார்த்தபோது, அவரிடமிருந்த படம் காட்டும் மிஷினையும் ஏசுநாதர் வாழ்க்கைப் படத்தையும் 2,250 ரூபாய்க்கு வாங்கினார். அந்தக் காலத்து 2,250 ரூபாய்! வேலையை விட்டுவிட்டு, கூடாரத்தைத் தூக்கிக்கொண்டு ஊர் ஊராகப் படம் காட்டினார். 1914-ல் கோயம்புத்தூரில் வெரைட்டி ஹால் கட்டினார். அதன் பெயரில்தான் இன்றைக்கும் வெரைட்டி ஹால் ரோடு இருக்கிறது. பிற்காலத்தில் டிலைட் என்று பெயர் மாறிய தியேட்டர் அதுதான்.

அதே 1914-ல்தான் பான்டிங்கும் லண்டனில் மேடையேறி, தான் எடுத்துவந்த துருவப் படத்தை ஓட்டிக்காட்டி, பக்கத்தில் நின்று தானே விளக்கம் சொல்லிக்கொண்டிருந்தார். அரண்மனைக்குக் கூப்பிட்டு ராஜாவே பார்த்தார். இந்த ஊரில் கூடாரத்து ஆள் கத்தியது, அந்த ஊரில் கோட் போட்டவர் பேசியது. வேலை ஒன்றுதான் என்று எனக்குத் தோன்றியது. அப்பாவிடம் எழுதிக் காட்டினேன். "ஆமா, படம் ஓட்டறதுக்கு எல்லா ஊர்லயும் ஒரு வாயி வேணும்" என்றார்.

படத்தில் பெங்குவின்கள் நிறைய நேரம் வருகின்றன. கூடு கட்டக் கல் பொறுக்குவதும், முட்டையைத் திருட வரும் பறவையை விரட்டுவதும், நம் ஊர்க் கல்யாண வீட்டுப் பந்தியில் இடம்பிடிப்பது போலவே இருந்தது. மகன் விழுந்து விழுந்து சிரித்தான். அப்பா சிரிக்கவில்லை. நடையைப் பார்த்துக்கொண்டிருந்தார். "கையில சுத்துன படம் இது. நொடிக்குப் பதினாறு, பதினெட்டு ஃபிரேமுதான் ஓடியிருக்கும். அதைக் கொண்டாந்து நம்ம இருபத்துநாலு மிஷின்ல ஓட்டுனா ஆளெல்லாம் குடுகுடுன்னு ஓடுவாங்க, சார்லி சாப்ளினாட்ட. இதைய யாரோ வெவரமானவன் சரிபண்ணியிருக்கறான்" என்றார். மகன் தேடிப் பார்த்துவிட்டு நிமிர்ந்தான். பிரிட்டிஷ் திரைப்பட ஆவணக் காப்பகம் 2010 வாக்கில் ஃபிரேம் ஃபிரேமாகச் சீர்செய்து வெளியிட்ட பிரதி அது. பழைய நீல நிறத்தையும் மஞ்சள் நிறத்தையும்கூட அந்தந்தக் காட்சிக்குத் திரும்பக் கொண்டுவந்திருந்தார்கள். "அப்புச்சி, நீங்க எங்க காலேஜுக்கு வந்து கிளாஸ் எடுங்க" என்று பலகையில் எழுதினான். அப்பா அதைப் படித்துவிட்டு வேட்டியைச் சரிசெய்துகொண்டார்.

அப்பா உண்மையிலேயே பதறியது ஒரே ஒரு இடத்தில். பான்டிங் அந்த மரக்குடிலுக்குள்ளேயே ஒரு சின்ன இருட்டறை கட்டிக்கொண்டு, ஐஸை உருக்கிய தண்ணீரில் பிலிம் கழுவினார் என்று எழுதிக் காட்டினேன். குடிலில் அடுப்பு உண்டு, வெளிச்சத்துக்கு அசிட்டிலீன் கேஸ் விளக்கு.

"நைட்ரேட் பிலிமா?"

ஆமாம் என்று தலையாட்டினேன்.

"மரக்குடிசையில, அடுப்பு எரியறப்ப, நைட்ரேட்டா? ஐயோ சாமி!"

அப்பா வேலைக்குச் சேர்ந்தபோது நைட்ரேட் காலம் முடிந்துவிட்டது. ஆனால் அவருக்கு வேலை கற்றுக்கொடுத்த மூத்த ஆபரேட்டரின் இரண்டு கையிலும் தீக்காயம் இருந்ததாம். நைட்ரேட் பிலிம் பற்றிக்கொண்டால் தண்ணீருக்குள் போட்டாலும் எரியும், எரிவதற்கான காற்றை அதுவே வைத்திருக்கிறது. அதனால்தான் கேபினுக்குத் தனிச் சுவர், இரும்புக் கதவு, வெளியே மணல் வாளி. சட்டமே அப்படி. பூமியின் கடைசியில், தீப்பிடித்தால் ஓடிப்போய் நிற்க ஒரு இடம்கூட இல்லாத இடத்தில், அந்த மனிதர் அதே பிலிமைக் காயப்போட்டிருக்கிறார். குளிரில் எண்ணெய் உறைந்துவிடும் என்று கேமராவுக்குக் கிராஃபைட் தூள் போட்டாராம். ஒருதடவை நாக்கு கேமராவின் உலோகத்தில் பட்டு ஒட்டிக்கொண்டு, இழுத்ததில் தோல் உரிந்ததாம். அவர் படமெடுக்கிறேன் என்று மற்றவர்களைக் குளிரில் நிற்கவைத்தே கொன்றதால், உறைந்துபோகிறவரை போஸ் கொடுப்பதற்கு 'பான்ட்' பண்ணுவது என்றே அவர்கள் பெயர் வைத்துவிட்டார்கள்.

இன்னொரு விஷயமும் எனக்குப் பிடித்திருந்தது. மாதக் கணக்கில் சூரியனே வராத அந்தக் குளிர்காலத்தில், பான்டிங் குடிலில் துணியைக் கட்டி, தான் முன்பு சுற்றிய ஊர்களின் கண்ணாடி ஸ்லைடுகளை விளக்கு வைத்துக் காட்டியிருக்கிறார். ஜப்பான், பர்மா, இந்தியா. நாங்கள் வெயிலில் உட்கார்ந்து அவர்கள் பனியைப் பார்க்கிறோம். அவர்கள் இருட்டில் உட்கார்ந்து நம் வெயிலைப் பார்த்திருக்கிறார்கள்.

இனி வருவதுதான் அந்தப் படத்தின் பாரமான பகுதி.

துருவத்துக்குக் கிளம்புவதற்கு முன்னால், பான்டிங் நான்கு பேரைக் கூப்பிட்டு நடித்துக்காட்டச் சொல்கிறார். ஸ்காட், டாக்டர் வில்சன், பவர்ஸ், எட்கர் எவன்ஸ். பனிச்சறுக்கு வண்டியை இழுத்து வருகிறார்கள், கூடாரம் போடுகிறார்கள், உள்ளே உட்கார்ந்து ஸ்டவ் பற்றவைத்துக் கஞ்சி மாதிரி ஒன்றைக் காய்ச்சிக் குடிக்கிறார்கள், ஈரச் சாக்ஸைக் கழற்றுகிறார்கள், தூங்கும் பைக்குள் நுழைகிறார்கள். சும்மா ஒரு செய்முறை விளக்கம்தான். நால்வரும் கேமராவைப் பார்த்துக் கொஞ்சம் வெட்கத்தோடு சிரிக்கிறார்கள்.

அந்த நால்வரும் திரும்பவில்லை. ஐந்தாவது ஆளாகச் சேர்ந்த ஓட்ஸும் திரும்பவில்லை. 1912 ஜனவரி 17 அன்று துருவத்தை அடைந்தபோது, நார்வேக்காரர் அமுண்ட்சென் ஒரு மாதத்துக்கு முன்பே அங்கு வந்து கொடி நட்டுவிட்டுப் போயிருந்தார். திரும்பும் வழியில் எவன்ஸ் இறந்தார். காலில் பனி தின்ற புண்ணோடு நடக்க முடியாமல் போன ஓட்ஸ், மற்றவர்களுக்குப் பாரமாக இருக்க வேண்டாம் என்று புயலுக்குள் தானே இறங்கி நடந்தார். மீதி மூவரும் உணவுக் கிடங்குக்கு 11 மைல் தூரத்தில், மார்ச் மாதக் கடைசியில், கூடாரத்துக்குள் இறந்தார்கள். பான்டிங் இந்தச் செய்தி எதுவும் தெரியாமல் அதே மார்ச்சில் கப்பலேறி ஊருக்குக் கிளம்பியிருந்தார். மறுவருடம்தான் உலகத்துக்கே தெரிந்தது. அவர் பெட்டிக்குள் அந்த நால்வரும் சிரித்துக்கொண்டே தூங்கப் போய்க்கொண்டிருந்தார்கள்.

துருவத்தில் அந்த ஐந்து பேரும் சேர்ந்து நிற்கும் புகைப்படம் ஒன்று இருக்கிறது. பார்த்தாலே தெரியும், தோற்றுப்போன முகங்கள். அதை எடுத்தது பவர்ஸ். கேமராவில் நூல் கட்டி இழுத்து எடுத்தார். படம்பிடிக்கக் கற்றுக்கொடுத்தவர் பான்டிங்தான். எட்டு மாதம் கூடாரத்தோடு பனிக்குள் கிடந்து, தேடிப்போனவர்கள் எடுத்துவந்து கழுவியபோது அதில் படம் இருந்தது. அப்பா அந்தப் புகைப்படத்தை நிறுத்திவைக்கச் சொல்லி, கிட்டப் போய்ப் பார்த்தார். "பிலிம் ஏமாத்தாது" என்று மட்டும் சொன்னார்.

தேடிப்போனவர்களோடு யார் போனார்கள் தெரியுமா? நம் நாட்டுக் கோவேறு கழுதைகள். இந்திய அரசு கொடுத்து, சிம்லாவில் பழக்கி அனுப்பிய ஏழு. லால் கான், குலாப், பேகம், ராணி, அப்துல்லா, பியாரி என்றெல்லாம் பெயர். அவற்றுக்கு வைத்த தீவனத்தைத் தின்னாமல் தேயிலைத் தூளையும் கயிற்றையும் துணியையும் தின்றன என்று கூடப் போனவர் ஒருவர் எழுதிவைத்திருக்கிறார். 1912 நவம்பர் 12 அன்று அந்தக் கூடாரத்தைக் கண்டுபிடித்த குழுவில் இவையும் இருந்தன. இதை எழுதிக் காட்டியபோதுதான் அப்பா அன்று முதன்முறையாகச் சிரித்தார். "குலாப்பு அண்டார்டிகா போயிருச்சு, நாம ஊட்டியத் தாண்டுல" என்றார்.

அடுத்த ஞாயிற்றுக்கிழமை அவரே கேட்டார், "அம்மிணி, ஐஸ் படம் வேற இல்லியா?"

இருந்தது. ஃபிராங்க் ஹர்லி எடுத்த 'சவுத்', 1919. ஷேக்கிள்டனின் எண்டூரன்ஸ் கப்பல் கதை. கப்பல் பனியில் மாட்டிக்கொண்டு, மாதக் கணக்கில் நெரிபட்டு, கண்ணெதிரே பாய்மரங்கள் சரிந்து விழுவதை ஹர்லி எட்ட நின்று சுற்றிக்கொண்டே இருக்கிறார். (அந்தக் கப்பலை 2022-ல் கடலுக்கு அடியில் 3,008 மீட்டர் ஆழத்தில் கண்டுபிடித்தார்களே, செய்தியில் பார்த்திருப்பீர்கள்.) அதில் போன 28 பேரும் உயிரோடு திரும்பினார்கள் என்பதால் அப்பா இந்தப் படத்தை நிம்மதியாகப் பார்த்தார். நான்தான் நிம்மதியாகப் பார்க்கவில்லை.

காரணம், ஹர்லியின் கண்ணாடி நெகடிவ்கள்.

கப்பல் உடைந்து தண்ணீர் ஏறிய பிறகு, ஹர்லி மேல்சட்டையைக் கழற்றிவிட்டு அந்த ஐஸ் கூழுக்குள் முங்கி, ஈயம் வைத்து அடைத்திருந்த தகரப் பெட்டிகளை வெளியே எடுத்தார். ஆனால் படகுகளில் அத்தனையையும் தூக்கிப்போக முடியாது. ஷேக்கிள்டனும் அவரும் பனிமேல் உட்கார்ந்து ஒவ்வொன்றாக எடுத்துப் பார்த்தார்கள். சுமார் 120 மட்டும் வைத்துக்கொண்டார்கள். மீதி 400 நெகடிவ்களையும் ஹர்லி அங்கேயே உடைத்தார். பின்னால் மனசு மாறி எடுக்கத் திரும்பி வந்துவிடக் கூடாது என்பதற்காக.

நான் மார்க்கரைப் பிடித்துக்கொண்டு எழுதாமல் இருந்தேன். அப்பா "என்ன போட்டிருக்குது?" என்று இரண்டுதடவை கேட்டார்.

செல்வபுரத்தில் எங்களுக்கு ஓட்டு வீடு இருந்தது. 2016-ல் அதை விட்டு இந்த ஃபிளாட்டுக்கு வந்தோம். அப்பாவிடம் ஒரு பச்சைத் தகரப் பெட்டி உண்டு. அவர் வேலைபார்த்த 36 வருடமும் அதற்குள் இருந்தது. ரீல் அறுந்தால் ஒட்டும்போது வெட்டிப்போடும் துண்டுகளை அவர் எறிய மாட்டார். சின்ன வயதில் எனக்கும் தம்பிக்கும் அதுதான் விளையாட்டு. ஃபியூஸ் போன பல்பில் தண்ணீர் ஊற்றி லென்ஸ், முகம் பார்க்கும் கண்ணாடியில் வெயிலைப் பிடித்துத் திருப்பினால் சுவரில் தலைகீழாக எம்.ஜி.ஆர். வருவார். தெருப் பிள்ளைகள் எல்லாம் எங்கள் திண்ணையில் இருப்பார்கள்.

வீடு மாறிய அவசரத்தில் அந்தப் பெட்டியைத் திறந்தேன். புளித்துப்போன வாசம் குப்பென்று வந்தது. பழைய பிலிம் கெட்டுப்போனால் வினிகர் நாற்றம் அடிக்கும் என்று இப்போது தெரியும். அன்றைக்கு எனக்கு அது குப்பை. பழைய இரும்புக்காரரிடம் தூக்கிக் கொடுத்துவிட்டேன். அப்பாவிடம் ஒரு வார்த்தை கேட்கவில்லை.

அதைவிட மோசம், ஒரு மாதம் கழித்து அவர் "பச்சைப் பொட்டி எங்க?" என்று கேட்டபோது, "பரண் மேல இருக்குதுங்ப்பா" என்று சொன்னேன். அவருக்கு முட்டிவலி, பரண் ஏற முடியாது என்று தெரிந்தேதான் சொன்னேன். அம்மாவுக்கு மட்டும் உண்மை தெரியும். அதற்குப் பிறகு அவர் கேட்கவில்லை. நானும் மறந்ததுபோல இருந்துவிட்டேன்.

நம் நாட்டில் 1,300-க்கும் மேல் மௌனப் படங்கள் எடுத்தார்கள், இன்று கையில் இருப்பது முப்பதுக்குள் என்கிறார்கள். தென்னிந்தியாவின் முதல் மௌனப் படம் நடராஜ முதலியாரின் 'கீசக வதம்'. ஓரடிகூட மிச்சமில்லை. எரிந்தது கொஞ்சம், வெள்ளிக்காகக் கரைத்தது கொஞ்சம், இடத்தை அடைக்கிறது என்று எறிந்தது கொஞ்சம். மகன் இதைப் படித்துக் காட்டி, "எப்படிம்மா எறிய மனசு வந்துச்சு அவங்களுக்கு?" என்று கேட்டபோது நான் சமையலறைக்குள் போய்விட்டேன்.

மற்றவர்களிடம் ஒரு தப்பைச் சொல்வதென்றால் முணுமுணுத்துவிடலாம். பாதியைத் தொண்டையிலேயே விழுங்கிவிடலாம். காது கேட்காதவரிடம் அது முடியாது. பெரிய எழுத்தில், கருப்பு மார்க்கரில், பிழையில்லாமல் எழுத வேண்டும். எழுதினேன்.

'பச்சைப் பெட்டி பரண்ல இல்லைங்ப்பா. வீடு மாறும்போது நான் பழைய இரும்புக்குப் போட்டுட்டேன். உங்ககிட்ட பொய் சொல்லிட்டேன்.'

அப்பா கண்ணாடியைச் சரிசெய்துகொண்டு படித்தார். இன்னொருதடவை முதலிலிருந்து படித்தார். டி.வி.யில் நாய்கள் பனியில் ஓடிக்கொண்டிருந்தன.

"எத்தனை குடுத்தான்?"

180 ரூபாய் என்று எழுதினேன்.

"பொட்டித் தகரமே முந்நூறு போகுமே" என்றார். பிறகு, "ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம் அம்மிணி" என்றார். எழுந்து பால்கனிக்குப் போய்விட்டார்.

இரண்டு நாள் பேசவில்லை. சாப்பிட்டார், மாத்திரை போட்டார், உழவர் சந்தை வரைக்கும் நடந்துபோய்க் கீரை வாங்கி வந்தார். டி.வி. போடவில்லை. எதிர் வீட்டு அக்கா, "அப்பாவுக்கு உடம்பு சரியில்லீங்களா, சத்தத்தையே காணோம்?" என்று விசாரித்தார்.

மூன்றாம் நாள் காலையில் காபி வைத்தபோது, மேஜை மேல் வெள்ளைப் பலகையும் மார்க்கரும் இருந்தன. அவரே எடுத்து வைத்திருந்தார்.

"இதுல வேண்டாம், அழிஞ்சுபோகும். உன்ற போன்ல எழுதிக்க" என்றார்.

என்னது என்று கையால் கேட்டேன்.

"பொட்டியில என்ன இருந்துதுன்னு சொல்றேன். எழுதிக்க."

அன்றிலிருந்து எழுதுகிறேன். ஒன்று, ஆபரேட்டர் லைசென்ஸ், மூலை மடங்கினது. இரண்டு, 'திருவிளையாடல்' மூன்றடி. மூன்று, செம்பு பூசின கார்பன் குச்சி, எரிந்து மீந்தது, ஏழு. கார்பன் குச்சி என்றால் என்ன என்று கேட்டேன். அதற்கே முக்கால் மணி நேரம் ஆனது. இரண்டு குச்சியையும் தொட்டு விலக்கினால் நடுவில் ஒரு வெளிச்சம் நிற்கும், அதுதான் திரைக்குப் போகிற வெளிச்சம். எரிய எரியக் குச்சி குறையும், இடைவெளி கூடும், கூடினால் திரை மங்கும். படம் பார்த்துக்கொண்டு உட்கார முடியாது, குச்சியைத்தான் பார்க்க வேண்டும். "நானு ஓட்டுன படம் ஒண்ணக்கூட முழுசாப் பாத்ததில்லை" என்றார். 36 வருடம் எங்களுக்குப் படம் காட்டிய மனிதர்! இது எனக்கு இந்த வயதில்தான் தெரிகிறது.

நான்கு, பிலிம் ஒட்டும் சிமென்ட் பாட்டில், மூடி இறுகினது. ஐந்து, சென்சார் சர்டிபிகேட் துண்டு, எந்தப் படம் என்று நினைவில்லை. ஆறு, 'உலகம் சுற்றும் வாலிபன்' முதல்நாள் டிக்கெட், கிழிக்காதது. அது ஏன் கிழிக்காதது? அம்மாவுக்காக எடுத்து வைத்தாராம். அன்றைக்கு என் தம்பி பிறந்துவிட்டான்.

ஞாயிற்றுக்கிழமைகளில் படமும் தொடர்கிறது. போன வாரம் 1924-ல் எடுத்த எவரெஸ்ட் படம். ஜான் நோயல் என்பவர் மலையில் எடுத்த பிலிமை ஆட்கள் டார்ஜிலிங் வரைக்கும் சுமந்துவந்து, அங்கே இருந்த லேபில் கழுவினார்களாம். பிலிம் பெட்டி தூக்கி வந்தவர்களின் கூலி எவ்வளவு என்று அப்பா கேட்டார். மகன் இன்னும் தேடிக்கொண்டிருக்கிறான்.

பட்டியல் 23-ல் நிற்கிறது. முந்தாநாள் ராத்திரி இரண்டு மணிக்கு என் அறைக் கதவைத் தட்டினார். காது கேட்காதவர் தட்டும் தட்டு எப்படி இருக்கும் என்று உங்களுக்குத் தெரியாது, அபார்ட்மென்டே எழுந்திருக்கும். பதறிப்போய்க் கதவைத் திறந்தால், டார்ச் லைட்டோடு நிற்கிறார்.

"அம்மிணி, கத்திரி ஒண்ணு இருந்துது. கைப்பிடியில செவப்பு நூலு சுத்துனது. எழுதிக்க."